சாஜன் சொன்ன திதி

இலங்கைத்துறை ராசமலரைப் பொறுமைசாலி என்று யாராவது சொன்னால் எனக்குச் சிரிப்பு வரும். அவள் பொறுத்தது உண்மைதான். கொக்கும்தான் பொறுக்கிறது, மீனுக்காக.

தொண்ணூறாம் ஆண்டு ஆவணிப் பறுவத்தன்று, முழுநிலவு நாளில், கரைவலை இழுத்துக்கொண்டு நின்ற அவள் புருஷன் வேலனைப் பொலிஸ்காரர் பிடித்துக்கொண்டு போனார்கள். ஊரே பார்த்தது. ராசமலர் நாள்தோறும் சோற்றுப் பார்சலோடு பொலிஸ் நிலைய வாசலில் போய் நின்றாள். "அப்பிடி ஒருத்தரும் இஞ்ச இல்லை, தங்கச்சி" என்று ஒவ்வொரு நாளும் அவளைத் திருப்பி அனுப்பியவர் அந்த நிலையத்துச் சார்ஜன்ட், சாஜன் பாக்கியரத்தினம். தமிழர், மட்டக்களப்புப் பக்கம். அதனாலேயே அவளுக்கு அவர்மேல் ஆத்திரம் கூட.

பிறகு சட்டத்தரணி ஒருவர் அவளுக்காக ஆட்கொணர்வு மனுப் போட்டார். வேலனைத் தேடி, தேடிய விபரத்தை வழக்குத் தவணைதோறும் வந்து சொல்ல வேண்டும் என்று நீதிபதி பொலிசுக்குக் கட்டளையிட்டார். சொல்ல வந்தவரும் இதே சாஜன்தான். "வேலன் கடலுக்குப் போய்த் திரும்பவில்லை என நம்புகிறோம். விசாரணை தொடர்கிறது." கிளிப்பிள்ளைகூட இடைக்கிடை வேறு சொல் சொல்லும். ராசமலர் மூதூரில் லோஞ்சுப் படகு ஏறி நகரத்து நீதிமன்றத்துக்கு வந்து, நெற்றி நிறைந்த பொட்டோடு முன்வாங்கில் இருந்து, அவர் முகத்தையே பார்ப்பாள். வழக்கை விடச் சொன்னவர்களை அவள் பிறகு வாசற்படி மிதிக்க விடவில்லை. பக்கத்து வீட்டுக்காரி நானும் ஒருமுறை சொல்லி வாங்கிக் கட்டிக்கொண்டவள்தான்; என்னை மட்டும் ஏச்சோடு விட்டுவிட்டாள்.

மூன்றாம் வருஷம் ஒரு தவணைக்குச் சாஜன் மொட்டைத் தலையோடு வந்தார். தாய் செத்து அந்தியேட்டிக் கிரியை முடிந்திருந்தது. வெளியே வேப்பமரத்தடியில் ராசமலர் அவரிடம் போனாள்.

"அம்மாவோ ஐயா?"

"ஓம் தங்கச்சி." அவருக்குக் கண் கலங்கியது.

"நீங்கள் குடுத்துவைச்சவர். செத்த திதி தெரியும், திவசம் குடுப்பீங்கள். என்ர மனுசனுக்கு நான் எந்த நாளில குடுக்கிறது? அந்த ஆத்மா பசியோட அலையுதே!"

"அமாவாசையில குடுங்கோ."

"அது ஒண்டும் தெரியாத ஆக்களுக்கு, ஐயா."

அவள் விம்மி அழுதாள். சாஜன் அக்கம்பக்கம் பார்த்தார். "அதே ஆவணி, அபரபக்கத் தசமி, தேய்பிறையில. என்ர பேரைச் சொல்லிப்போடாதேங்கோ."

அவள் அவரைக் கையெடுத்துக் கும்பிட்டாள். அழுகை பொய்யில்லை என்று பிறகு என்னிடம் சொன்னாள். அழும் இடத்தை மட்டும் பார்த்துத் தெரிந்தெடுத்தாளாம்.

அடுத்த தவணைக்குச் சாஜன் "விசாரணை தொடர்கிறது" என்று முடிக்கவும் ராசமலர் எழுந்தாள்.

"ஐயா, என்ர மனுசன் செத்த திதியை இவர்தான் எனக்குச் சொன்னவர். தசமியாம். பறுவத்தில பிடிச்சவங்கள். அப்ப பத்து நாள் உயிரோட வைச்சிருந்திருக்கிறாங்கள். கடலுக்குப் போன ஆளின்ர திதி இவருக்கு என்னெண்டு தெரியும்?"

நீதிபதி பேனையை வைத்துவிட்டு அதே கேள்வியைச் சாஜனிடம் கேட்டார். சாஜன் திரும்பி ராசமலரைப் பார்த்தார். விசாரணையை அந்தப் பொலிஸ் நிலையத்திடமிருந்து எடுத்து வேறு அதிகாரிகளிடம் கொடுக்கவும், சாஜனைச் சிறைச்சாலையில் விளக்கமறியலில் வைக்கவும் அன்றைக்கே கட்டளை வந்தது.

கொண்டுபோகும்போது அவர் அவளிடம் சொன்னார்: "இரக்கப்பட்டெல்லோ சொன்னனான், தங்கச்சி."

"அந்தப் பத்து நாளும் நான் சோத்தோட வாசல்ல நிண்டனான். அப்ப எங்க போனது உங்கட இரக்கம்?"

எனக்கே அந்த மனிதரைப் பார்க்கக் கொஞ்சம் பாவமாக இருந்தது. அவளுக்கு இருக்கவில்லை, ஏன் இருக்க வேண்டும்?

அந்த ஆவணித் தசமிக்கு ராசமலர் திவசம் கொடுத்தாள். பொட்டை மட்டும் அழிக்கவில்லை. "கூட நிண்டவங்கட பேரையும் அந்தச் சாஜன் சொல்லட்டும், அதுக்குப் பிறகு பாப்பம்" என்றாள். படைத்த சோற்றில் ஒரு பார்சல் கட்டிக்கொண்டு லோஞ்சு ஏறினாள். நானும் போனேன். நகரத்தில் இறங்கி நேரே சிறைச்சாலை வாசலுக்குப் போனாள்.

"சாஜன் பாக்கியரத்தினம் இஞ்ச இருக்கிறாரோ?"

காவலாளி பார்சலைப் பார்த்துவிட்டு, "ஓம், இருக்கிறார்" என்று சொல்லிக் கையை நீட்டினான்.

ராசமலர் பார்சலைக் கொடுக்கவில்லை. திரும்பி நடந்து, மதிலோரம் அதைப் பிரித்துக் காகங்களுக்கு வைத்தாள்.