‘தாழ்ப்பாள்’ ஆல்பத்தின் கடைசிப் பாட்டு

எங்கள் ஹெவி மெட்டல் பேண்டின் பாடகனை லிஃப்ட் என்றுதான் கூப்பிடுவோம். தொழில் லிஃப்ட் மெக்கானிக். நடுவழியில் மாட்டிக்கொண்டவர்களிடம் கதவிடுக்கு வழியாக, "பயப்படாதீங்க, நான் இங்கதான் இருக்கேன், எங்கயும் போகல" என்று பேசுவான் பாருங்கள், குழந்தைகூடத் தூங்கிவிடும். அதே வாய்தான் மைக்கைப் பிடித்தால் உறுமும். முதல் தடவை கேட்ட என் மனைவி, "இத டாக்டர்கிட்ட காட்டினீங்களா?" என்றாள்.

யாராவது பார்த்துக்கொண்டிருந்தால் அவனுக்கு உறுமல் வராது. ஒத்திகை பார்க்கும் கார் ஷெட்டை ஒட்டி ஒரு குளியலறை. மைக் வயரைக் கதவுக்கடியில் விட்டு, உள்ளே போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொள்வான். மேடையேறும் யோகம் எங்களுக்கு இன்னும் வாய்க்காததால் வண்டி ஓடியது.

முதல் ஆல்பத்துக்கு ‘தாழ்ப்பாள்’ என்று அவன் பெயர் வைத்தபோது, தன்னையே கிண்டல் செய்துகொள்கிறான் என்று நினைத்தேன். கடைசிப் பாட்டை எழுதிக்கொண்டு வந்தபோதுதான் விஷயம் தெரிந்தது. அவன் அப்பா லேத் பட்டறைக்காரர். மெஷின் சத்தத்துக்கு மேல் கத்திப் பழகியவர், வீட்டிலும் அதே குரலில் கத்துவார், சாமான்கள் பறக்கும். அக்காவும் இவனும் குளியலறைக்குள் ஓடித் தாழ்ப்பாள் போட்டுக்கொள்வார்கள். பாட்டு அவ்வளவுதான். உள்ளே இரண்டு பிள்ளைகள் காத்திருக்கிறார்கள்.

டிரம்ஸ் வாசிக்கிற எனக்குக் கை பரபரத்தது. பாட்டின் முடிவில் இரண்டு காலாலும் பாஸ் டிரம்மை மிதித்து, கதவை இடிப்பதுபோல ஒரு முழக்கம் போட்டேன். கிதார்காரன் சொக்கிப்போனான். லிஃப்ட் மட்டும், "அந்த இடத்துல ஒண்ணும் வேண்டாம்டா. சும்மா விடு" என்றான். ஹெவி மெட்டலில் சும்மா விடுவதா? கொஞ்ச நாள் நான் அவனிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. ஆனாலும் அவன் பிடிவாதம்தான் ஜெயித்தது. கிதார்கள் சட்டென்று நிற்கும், அப்புறம் நீளமாக வெறும் அமைதி, பாட்டு முடிந்துவிடும். வயிற்றெரிச்சலோடுதான் ரெக்கார்டு பண்ணினேன்.

ஆல்பம் வெளிவரும் நேரத்தில் அவன் அப்பா அதைக் கேட்க வேண்டும் என்றார். தொண்டை ஆபரேஷனுக்குப் பிறகு அவருக்குக் குரல் போய், வெறும் காற்றுதான் வரும். இருப்பது மகனோடுதான். "தலைவலி வரும்ப்பா" என்று தட்டிக்கழித்துப் பார்த்தான், நடக்கவில்லை.

"அவருக்குப் புரிஞ்சிருமாடா?" என்று என்னைத் துளைத்தெடுத்தான்.

"நீ பாடுறது உனக்கே புரியாது."

அவன் சிரிக்கவில்லை. "இப்பதான் என்கிட்ட ரெண்டு வார்த்தை பேசுறாரு. அதுவும் போயிருமோன்னு பயமா இருக்கு."



ஒரு மத்தியானம் அவரை ஷெட்டுக்கு அழைத்து வந்தான். அப்பா என் டிரம் ஸ்டூலில் உட்கார்ந்தார். லிஃப்ட் குளியலறைக் கதவோரம் போய் நின்றுகொண்டான். ஒவ்வொரு பாட்டாக ஓடியது. அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. கடைசிப் பாட்டின் முதல் உறுமலில் அவர் கை தொண்டைக்குப் போனது, பிறகு இறங்கவே இல்லை. கிதார்கள் நின்றன. அந்த அமைதி இவ்வளவு நீளம் என்று எனக்கு அன்றுதான் தெரிந்தது.

"இது என் குரல்" என்றார்.

"ஆமாப்பா" என்றான் லிஃப்ட். "அக்காவும் நானும் பாத்ரூம்ல தாழ்ப்பாள் போட்டுட்டு இருப்போமே. அதான் பாட்டு."

நான் வயரைச் சுற்றுவதுபோலக் குனிந்துகொண்டேன். அவர் கேட்டார். "நான் கதவ இடிச்சேனா?"

"இல்லப்பா." மாட்டிக்கொண்டவர்களிடம் பேசும் அதே குரலில்தான் சொன்னான். "ஒரு நாள்கூட நீங்க வந்து தட்டல. நாங்க அதுக்குத்தான் உள்ள காத்துட்டு இருந்தோம்."