முடிந்த கேஸுக்கு இன்னொரு சம்மன்

எங்கள் தீவில், பத்துபஸ்தி பேட்டையில் ரஹ்மத்துன்னிசாவைத் தெரியாதவர் இல்லை. குரல் அப்படி. மளிகைக் கடையில் நின்று "அரே பாய், சில்லறை!" என்று அவள் கத்தினால் அடுத்த வீட்டில் இருக்கும் என் கை தானாகப் பர்ஸுக்குள் போகும். கணவர் நாகூர் கனி பேசாமல் பொட்டலம் மடிப்பார். பேச்சு முழுக்க அவள் பொறுப்பு.

ஏர்போர்ட் பக்கம் என்பதால், மெயின்லேண்டுக்கு மாற்றலாகிப் போகிறவர்கள் பெட்டியோடு வந்து கடை பாக்கியைத் தீர்த்துவிட்டுப் போவார்கள். தீர்ந்தது என்று அவள் சொல்லிவிட்டால் தீர்ந்ததுதான். அப்புறம் ஒரு டின் எண்ணெய் விட்டுப்போனது நினைவுக்கு வந்தாலும் போன் போட்டுக் கேட்கமாட்டாள். கோர்ட்டும் தன் கடை மாதிரிதான் என்று நம்பினாள் பாருங்கள், அங்கேதான் மாட்டிக்கொண்டாள்.

மகள் ஷிபா பிளஸ் டூ முடித்ததும், சந்திரசேகர் என்பவர் நடத்திய பயிற்சி நிலையத்தில் சேர்ந்தாள். படிப்புக்கு அங்கீகாரமே இல்லை என்று தெரிந்ததும் ஒரே மாதத்தில் நின்றுவிட்டாள். மனுஷன் விடுவாரா? முழுப் படிப்புக்கும் ஃபீஸ் கட்டு என்று கேஸ் போட்டார். பிள்ளையின் ஒரிஜினல் சான்றிதழ்களையும் பீரோவில் வைத்துப் பூட்டிக்கொண்டார். அது இல்லாமல் நர்சிங்குக்கு எந்தக் கல்லூரி சேர்க்கும்? ரஹ்மத்துன்னிசா கேஸை நடத்தி ஜெயித்தாள். ஃபீஸ் பாக்கி எதுவும் இல்லை, சான்றிதழைத் திருப்பிக் கொடு என்று தீர்ப்பு. தெருவுக்கே முட்டையும் தேங்காய்ப்பாலும் சேர்த்த வட்டலப்பம் செய்து கொடுத்தாள். நான் வெட்கமில்லாமல் இரண்டு தடவை வாங்கித் தின்றேன்.

சந்திரசேகர் அப்பீலுக்குப் போகவில்லை. சான்றிதழ் கேட்டால் "அடுத்த வாரம் வாங்க" என்று இழுத்தடித்துக்கொண்டே இன்னொரு கேஸ் போட்டார். இந்தத் தடவை ஹாஸ்டல் ஃபீஸாம்! தினமும் வீட்டிலிருந்து பஸ்ஸில் போய்வந்த பிள்ளைக்கு ஹாஸ்டலாம்!

சம்மன் கொண்டுவந்தவரிடம் ரஹ்மத்துன்னிசா கையெழுத்தே போடவில்லை. "கேஸ் கதம் ஹோ கயா, பாய். முடிஞ்சத எதுக்குக் கிண்டுறீங்க?" என்று டீ கொடுத்து அனுப்பிவிட்டாள். அவர் டீயைக் குடித்துவிட்டு, வாங்க மறுத்தார் என்று எழுதிக்கொண்டு போனார். விசாரணைக்கு இவள் போகவில்லை. சந்திரசேகர் தரப்பை மட்டும் கேட்டு, பணத்தைக் கட்டத்தான் வேண்டும் என்று தீர்ப்பாகிவிட்டது. சான்றிதழ் கேட்கப் போன ஷிபாவிடம் அதைக் காட்டியிருக்கிறார்கள். பிள்ளை அழுதுகொண்டு வந்தாள்.

வக்கீல் பிரவீனா தலையில் அடித்துக்கொண்டாள். "அக்கா, ஏற்கனவே முடிஞ்ச கேஸ்னு நீங்க வந்து சொல்லியிருக்கணும். இப்ப அந்தப் புதுத் தீர்ப்புதான் நிக்கும்."

"தப்பா இருந்தாலுமா?"

"தப்பா இருந்தாலும். ரத்து பண்ணாத வரைக்கும் அதான் முடிவு."

அன்று சாயங்காலம் கடையில் சத்தமே இல்லை. எனக்குப் பயமாகிவிட்டது.

கெடு முடிவதற்குள் மனுப் போட்டார்கள். சம்மனை ஏன் வாங்கவில்லை என்று ஜட்ஜ் கேட்டதற்கு இவள் கடை வழக்கத்தை அப்படியே சொல்ல, "கோர்ட் உங்கள் கடை இல்லை" என்று நன்றாகத் திட்டி, செலவுத்தொகையும் கட்டச் சொல்லி, அந்தத் தீர்ப்பை ரத்து செய்தார். பிறகு ஹாஸ்டல் கேஸ் முதலிலிருந்து ஆரம்பித்து, வாய்தா மேல் வாய்தா. மதுரையில் ஷிபாவுக்கு நர்சிங் சீட் கிடைத்தது. நாளைக்கு ஒரிஜினலோடு அங்கே போய் நிற்கவேண்டும், இன்றைக்குக் காலையில்தான் விசாரணை என்று ஆகிவிட்டது! நானும் கூடப் போனேன். பெஞ்சில் என்னால் உட்காரவே முடியவில்லை.

ஜட்ஜ் சந்திரசேகரைப் பார்த்தார். "ஹாஸ்டல் பாக்கி இருந்தால் முதல் கேஸிலேயே சேர்த்துக் கேட்டிருக்கவேண்டும். ஒரே விவகாரத்தைத் துண்டு துண்டாக்கி ஒருவரைத் திரும்பத் திரும்ப இழுக்க முடியாது." கேஸ் தள்ளுபடி! சான்றிதழ்களை உடனே, இங்கேயே கொண்டுவந்து கொடு என்றார். சந்திரசேகரின் ஆள் ஓடினான். எனக்கு விசில் அடிக்கவேண்டும் போல இருந்தது.

சான்றிதழ் கைக்கு வந்ததும் நாகூர் கனி முதல்முறையாக வாய் திறந்தார். "வெளியே ஆட்டோ நிக்குது. புள்ளைக்கு மத்தியானம் சென்னை பிளைட்டு. டிக்கெட் போட்டுட்டேன். பெட்டியும் ஆட்டோலதான் இருக்கு."

"தோத்திருந்தா?" என்று அலறினாள் அவள்.

"தோக்கல இல்ல?"

ஆட்டோ பறந்தது. வழியெல்லாம் ரஹ்மத்துன்னிசாவுக்குச் சிரிப்பு, சிக்னலில் நின்ற தெரியாதவர்களிடமெல்லாம் "கேஸ் ஜெயிச்சிட்டோம்!" என்றாள். ஏர்போர்ட்டில் ஷிபா எங்களை மாறி மாறிக் கட்டிக்கொண்டு, "போயிட்டு வரேன் உம்மா" என்று உள்ளே ஓடினாள். கண்ணாடிக் கதவு மூடியது.

ரஹ்மத்துன்னிசா கையை அசைத்தபடியே நின்றாள். அப்புறம் என் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

"ஷீலாக்கா, கோர்ட்டு, வக்கீலு, நீங்க, இவரு, இத்தன பேர் கூடவே இருந்தீங்க. ஜெயிச்சா புள்ள போயிடும்னு ஒருத்தரும் எனக்குச் சொல்லலியே!"

எனக்கும் அப்போதுதான் உறைத்தது.