சாரியும் சோரியும்

என் தம்பி நோலன் இதுவரை திரையில் ஒன்பது தடவை செத்திருக்கிறான். நாலு தடவை சுடப்பட்டு, இரண்டு தடவை தண்ணீரில் விழுந்து, மிச்சம் மூன்றும் படம் தொடங்கும்போதே பிணம். முதல் தடவை அவன் பிணமாக வந்தபோது ஊரே கர்லிங் அரங்கத்துப் பெரிய டிவி முன்னால் கூடிவிட்டது. பனிக்கட்டித் தரையில் கல்லைத் தள்ளி விளையாடிக்கொண்டிருந்தவர்கள்கூட ஆட்டத்தை நிறுத்திவிட்டு வந்தார்கள். படம் தொடங்க அரைமணி நேரம் காத்திருந்த பிறகு வெள்ளைத் துணிக்குக் கீழே இரண்டு பாதங்கள் மட்டும் தெரிந்தன. அப்பா எழுந்து நின்று, அது நம்ம பையன் கால்தான், கட்டை விரலைவிட இரண்டாவது விரல் நீளம் பாருங்கள் என்றார். எல்லோரும் கால்களுக்குக் கைதட்டினார்கள். வீட்டுக்குத் திரும்பும் வழியெல்லாம் நான் சிரித்தேன். அப்பா சிரிக்கவில்லை.

நாங்கள் இருப்பது கனடாவின் சஸ்காச்சுவான் மாகாணத்தில், யார்க்டனிலிருந்து முக்கால் மணி நேரம் வடக்கே. அப்பா ஓரெஸ்ட் பரனியுக் கோதுமையும் கனோலா எண்ணெய் வித்தும் போடுகிறார். நான் டேரியா, தானியக் கிடங்கில் எடைமேடைக்குப் பக்கத்து அறையில் உட்கார்ந்து லாரிகளுக்கு எடைச்சீட்டு எழுதுகிறவள். நோலன் பள்ளியில் படிக்கும்போதே அம்மா இறந்துவிட்டாள். பத்தொன்பது வயதில் அவன் நடிகனாகப் போகிறேன் என்று வான்கூவருக்குக் கிளம்பினான். அப்பா தடுக்கவில்லை. குளிருக்குப் போட்டுக்கொள்ள நல்ல கோட்டு இருக்கிறதா என்று கேட்டார், அவ்வளவுதான். வான்கூவரில் அவ்வளவு குளிர் இல்லை என்பதுகூட அவருக்கு நினைவில்லை.

வான்கூவர் என்பது மற்ற ஊர்களின் வேஷம் போட்டுப் பிழைக்கிற ஊர். செலவு குறைவு என்று அமெரிக்கப் படங்களை அங்கே வந்து எடுப்பார்கள். ஒரு தெருவில் அமெரிக்கக் கொடியை நட்டு, தபால்பெட்டியை மாற்றி, கார்களுக்கு வேறு எண்பலகை மாட்டிவிட்டால் அது அமெரிக்கா ஆகிவிடும். தெரு மாறினால் போதாது, வாயும் மாற வேண்டும். போன முதல் மாதமே ஏஜென்ட் சொல்லிவிட்டாள், நீ ஒரு வார்த்தையில் மாட்டிக்கொள்கிறாய் என்று. அந்த வார்த்தை 'சோரி'. எல்லைக்குத் தெற்கே அவர்கள் 'சாரி' என்பார்கள். எங்கள் வாயில் அது 'சோரி'. எங்கள் காலை யாராவது மிதித்தால்கூட நாங்கள்தான் சோரி சொல்வோம். ஒரு நாளைக்கு நாற்பது தடவை வாயில் வருகிற சொல்லை அவன் வேரோடு பிடுங்க வேண்டியிருந்தது.

பிடுங்கினான். ஒரு வருஷம் ஆனது. சாப்பாட்டுக் கடையில் தட்டு எடுக்கும் வேலை பார்த்தபோது ஒவ்வொரு மேசையிலும் வேண்டுமென்றே ஒரு கரண்டியைக் கீழே போட்டுவிட்டு 'சாரி' சொல்லிப் பழகினானாம். இரண்டாவது வருஷத்தில் தூக்கத்தில் எழுப்பினாலும் சாரிதான். அதன் பிறகு வேலை வரத் தொடங்கியது. 'இரண்டாவது போலீஸ்காரன்'. பார்சல் கொண்டுவருகிறவன். 'அவன் அந்தப் பக்கம் ஓடினான்' என்று கைகாட்டுகிறவன். ஒரு தொடரில் ஆறு வாரம் நர்ஸாக வந்து ஏழாவது வாரம் சொல்லாமல் கொள்ளாமல் காணாமல் போனான். என் கல்யாணத்துக்கு அவன் வரவில்லை, ஏனென்றால் அந்த வாரத்தைக் காலியாக வைத்துக்கொள் என்று யாரோ சொல்லியிருந்தார்கள். காலியாகவே வைத்துக்கொண்டான். வேடம் வரவில்லை. அந்தக் கல்யாணமே இரண்டு வருஷம்கூட நிலைக்கவில்லை என்பதால் அவனை மன்னித்துவிட்டேன்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் கிறிஸ்துமஸுக்கு வந்தபோது கூட்டுறவுக் கடைக்கு மாவும் வெண்ணெயும் வாங்கப் போனோம். கல்லாவில் இருந்த வெர்னா அம்மா இவனுக்குச் சின்ன வயதில் ஞாயிறு பள்ளியில் பாட்டுச் சொல்லிக்கொடுத்தவள். இவன் அவள் மேசையில் இடித்துவிட்டு சாரி என்றான். அவள் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, அமெரிக்காவில் எந்தப் பக்கம் தம்பி என்று கேட்டாள். கடையில் இருந்தவர்கள் ஒரு வாரம் அதைச் சொல்லிச் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். காரில் ஏறிய பிறகு ரேடியோவைச் சத்தமாக வைத்துக்கொண்டான்.

இந்த மார்ச்சில் அவனுக்கு இருபத்தேழு முடிந்தது. பிறந்தநாளுக்கு மறுநாள் போன் செய்தான். எட்டு வாரத் தொடர் ஒன்று, நம் நாட்டிலேயே எடுப்பது, கதை நடப்பதே சஸ்காச்சுவானில். விவசாயி மகன் வேடம். கதாநாயகன் இல்லை, ஆனால் எட்டு வாரமும் உயிரோடு இருக்கிறவன். ஒரு காட்சியை நடித்துப் படம் பிடித்து அனுப்பியிருந்தான். பதில் வந்திருந்தது. நடிப்பு நன்றாக இருக்கிறது, ஆனால் அமெரிக்காவிலிருந்து விவசாயி வேஷம் போட வந்தவர் மாதிரிப் பேசுகிறார், இந்த மண்ணின் பேச்சு வேண்டும், ஐந்து நாளில் இன்னொரு தடவை அனுப்பலாம் என்று எழுதியிருந்தார்கள்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவனுக்கு வரவில்லை. பிறகு சொன்னான். "இது கெடைக்கலேன்னா அவ்ளோதான்க்கா. தோத்துட்டேன்னு சொல்லல. எனக்கு இனிமே தெம்பு இல்ல."

மறுநாளே வந்து இறங்கினான். கண்ணுக்குக் கீழே அப்பாவுக்கு இருப்பதைவிடப் பெரிய பை.

தினமும் காலை பத்து மணிக்குக் கூட்டுறவுக் கடை மூலையில் கிழவர்கள் காபியோடு உட்காருவார்கள். அவர்கள் பேச்சைக் கேட்டால் நாக்கு திரும்பிவிடும் என்று இவன் அங்கே போய் உட்கார்ந்தான். விஷயம் அவர்களுக்குத் தெரிந்துவிட்டது. கிழவர்கள் திடீரென்று செய்தி வாசிக்கிறவர்கள் மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து பேச ஆரம்பித்தார்கள். ஸ்டெஃபன் ஃபெடோராக் இரண்டாம் நாள் தலையைப் படிய வாரி, இருக்கிற ஒரே டையைக் கட்டிக்கொண்டு வந்தார். எப்போதும் பேசுகிறபடி பேசு என்று ஒருவனிடம் சொல்லிவிட்டால் அதற்கப்புறம் அவனால் பேச முடியாது. இதுதான் நோலனுக்கும் நேர்ந்திருந்தது.

கடைசியில் எங்கள் சமையலறையிலேயே படம் பிடித்தோம். நான் போனைப் பிடித்துக்கொண்டேன். எதிர்வசனத்தை அப்பா வாசித்தார். காட்சி இதுதான்: நிலத்தை நான் எடுத்து நடத்தப்போவதில்லை என்று மகன் அப்பனிடம் சொல்கிறான், கடைசியில் 'சோரிப்பா' என்கிறான். நோலன் வாயில் ஒன்று 'சாரி' வந்தது, இல்லையென்றால் எங்களைக் கிண்டல் செய்ய மேடையேறியவன் சொல்வதுபோல் நீட்டி முழக்கி ஒரு 'சோஓரி' வந்தது. நடுவில் எதுவும் இல்லை. அப்பா உரமூட்டையில் எழுதியிருப்பதைப் படிப்பதுபோல் படித்தார். பக்கம் மாறி, கண்ணாடி நழுவி, சோரி சோரி எங்கே விட்டேன் என்று ஒவ்வொரு தடவையும் தேடினார். அந்தச் சொல் அவர் வாயிலிருந்து விழும்போதெல்லாம் நோலன் அவர் உதட்டையே பார்த்தான், பசித்தவன் அடுத்தவன் தட்டைப் பார்ப்பதுபோல. பதினாலு தடவை எடுத்தோம். வீட்டில் இணையம் ஆமை வேகம் என்பதால் இருப்பதில் நல்லதை நான் கிடங்கிலிருந்து என் மெயிலில் அனுப்பினேன்.

அதனால் பதிலும் எனக்கே வந்தது. வியாழக்கிழமை, எடைமேடையில் லாரிகள் வரிசைகட்டி நின்றுகொண்டிருந்தன. நோலனின் உழைப்புக்கு நன்றி, வேறு நடிகரை எடுத்துவிட்டோம். அடுத்த வரி: அப்பா வசனத்தை வாசித்தவர் யார்? பக்கத்துப் பண்ணைக்காரர் வேடம் ஒன்று இருக்கிறது, நாலு காட்சி. அவரைப் படம் பிடித்து அனுப்ப முடியுமா?

மூன்று லாரிக்கு எடை போட்ட பிறகுதான் அதை இரண்டாம் முறை படித்தேன்.

சாயங்காலம் உருளைக்கிழங்கு அடைத்த பெரோகிக் கொழுக்கட்டை தட்டில் ஆறிக்கொண்டிருக்க, அதை அச்செடுத்து வந்து இருவரிடமும் காட்டினேன். நோலன் படித்துவிட்டுத் தலையாட்டினான். எட்டு வருஷம் பழகிய தலையாட்டல், அழகாக வந்தது. அப்பா கடுதாசியைத் தள்ளி வைத்தார். விதைப்பு வருகிறது, நேரமில்லை என்றார். விதைப்புக்கு இன்னும் ஆறு வாரம் இருப்பது சமையலறை நாற்காலிக்குக்கூடத் தெரியும். பிறகு, அது அவன் தொழில், எனக்கெதற்கு என்று முணுமுணுத்தார்.

நோலன் குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருந்தால் தேவலை. "பல்லு தேய்க்கிறப்பகூட போனை எதிர்ல வச்சிக்கிட்டு நின்னிருக்கேன்ப்பா, இந்த மாதிரி ஒரு லெட்டர் வந்துடாதான்னு. எட்டு வருஷமா. உங்களுக்கு அது கடை நோட்டீஸ் மாதிரி இருக்கு. எனக்காக வேணாங்குறீங்கன்னா அதைவிட என்னைக் கேவலப்படுத்த முடியாது."

அப்பா முட்கரண்டியைக் கீழே வைத்தார்.

"சரிடா. எங்க நிக்கணும்னு சொல்லு."

சனிக்கிழமை மத்தியானம் வெளிச்சம் நன்றாக இருந்தது. நோலன் அப்பாவை ஜன்னல் பக்கம் நிறுத்தி, தொப்பியைப் பின்னுக்குத் தள்ளி, கைகளை எங்கே வைப்பது என்று யோசிக்க விடாமல் ஒரு துணியைக் கொடுத்தான். நடிக்க வேண்டாம், எதிரில் பேசுவதைக் கேட்டால் போதும் என்றான். இத்தனை நன்றாகச் சொல்லிக்கொடுக்கத் தெரிந்தவன் என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. இந்தத் தடவை அவன் என் பக்கத்தில், போனுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து தாளைப் பார்த்து எதிர்வசனம் வாசித்தான். காட்சியில், பண்ணைக்காரரின் மனைவி செத்தபோது அடக்கத்துக்கு வராமல்போன இளைஞன், மாதங்கள் கழித்து வந்து நிற்கிறான்.

"நான் வந்திருக்கணும். வரல. சோரி."

இந்த ஊரில் பிறந்த வாய் சொன்னது. நீட்டல் இல்லை, முழக்கம் இல்லை. அவன் கண் அப்பா முகத்தில் வெளிச்சம் விழுகிறதா என்பதிலேயே இருந்தது. அப்பா நிமிர்ந்தார். அவனையே பார்த்தார், தாளில் இருப்பதைவிடக் கொஞ்சம் அதிக நேரம். கண் கலங்கியது. பிறகுதான் தன் வசனத்தைச் சொன்னார். நான் போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.

இதுதான், இதையே அனுப்பலாம் என்றான் நோலன். அப்பாவைத் தோளில் தட்டினான். தன்னிடமிருந்து என்ன வந்தது என்று அவனுக்குத் தெரியவில்லை. மறுபடி ஓட்டிப் பார்க்கிறாயா என்று கேட்டேன்.

"வேணாம்க்கா, நீயே அனுப்பிடு. என்னையே பாத்துப் பாத்து அலுத்துப்போச்சு. எப்படி இருந்துச்சு, அதை மட்டும் சொல்லு."

வந்துடுச்சுடா, உனக்குத் திரும்பி வந்துடுச்சு என்று நாக்கு நுனி வரை வந்தது. சொன்னால் திங்கட்கிழமை விமானம் ஏறுவான். ஏஜென்டிடம் கெஞ்சுவான், இன்னொரு அறை, இன்னொரு சாப்பாட்டுக் கடை, எதிரில் வைத்த போன். சொல்லாவிட்டால், தன்னால் முடியாத ஒன்றை விட்டுவிட்டு வந்ததாக நினைத்துக்கொண்டு தூங்குவான்.

"அப்பா நல்லா பண்ணினாரு," என்றேன்.

அப்பா என்னைப் பார்த்தார். அந்தச் 'சோரி'யை அவரும் கேட்டிருந்தார். துணியை மேசையில் போட்டுவிட்டு டிராக்டரைப் பார்த்துவிட்டு வருவதாகச் சொல்லி வெளியே போனார்.

நோலன் அப்படியே நாற்காலியில் சாய்ந்து தூங்கிப்போனான். பட்டப்பகலில், வாயைத் திறந்துகொண்டு. நான் அவனைக் கேட்காமலே அவன் வாழ்க்கையை முடிவு செய்துவிட்டு, அவன் தலைக்குக் கீழே ஒரு தலையணையை வைத்தேன்.