இடலினா வாய் திறக்காத ஆட்டம்

ரொட்டி கருகிவிட்டதென்று டோஸ்டரைத் திட்டிக்கொண்டிருக்கிறாள் இடலினா. "நான் என்ன சொன்னேன், நீ என்ன பண்ணி வச்சிருக்க?" என்கிறாள் அதனிடம். பிறகு கத்தியால் கரியைச் சுரண்டி, வெண்ணெய் தடவி, அதையே தின்கிறாள். தின்னும்போதும் பேச்சு நிற்காது. பேருந்தில் ஓட்டுநரோடு பேசுவாள், மைதானத்துக்கு வந்தால் பந்தோடு. உருண்டோடும் பந்தை "எங்கடி போற, வா இங்க" என்று கூப்பிட்டுக்கொண்டே துரத்துவாள். அதுவும் பெரும்பாலும் வந்துவிடும்.

ஃபரோல் பெண்கள் கால்பந்து அணியின் தடுப்பாட்டக்காரி அவள், தலைவியும் அவளே. வயது முப்பத்து மூன்று. நான் அதே அணியின் மாற்று கோல்கீப்பர், அதாவது என் உத்தியோகம் உட்கார்ந்திருப்பது. ஃபிகைரா ஊரில் இருவரும் ஒரே வீட்டில் குடியிருக்கிறோம். அவளைப் பற்றி எழுத என்னை விட்டால் ஆளில்லை. மற்றவர்கள் ஓடிக்கொண்டிருப்பார்கள், எனக்குத்தான் பார்க்க நேரம் உண்டு. ஒவ்வொரு ஆட்டம் முடிந்ததும் "நொயேமியா, பெஞ்சு இன்னைக்குச் சூடா இருந்துச்சாடி?" என்று கேட்காவிட்டால் அவளுக்குச் சோறு இறங்காது.

அவள் பிறந்தது தெற்கே, ஒல்யாவில். அப்பா தியோதாட்டு உப்பங்கழியில் தண்ணீர் வற்றும் நேரம் மட்டி தோண்டுகிறவர். படகுக்குப் படகு கத்திப் பேசியே பழகிய ஊர் அது. அங்கே காதோடு சொல்கிற ரகசியமும் எதிர்க்கரைக்குக் கேட்கும். பையன்களோடு ஆடி வளர்ந்தாள். வயசுக்கு வந்ததும் பையன்கள் அணியில் இடமில்லை என்றார்கள். பெண்களுக்கோ அங்கே அணியே கிடையாது. பகலில் மத்தி மீனை டப்பாவில் அடுக்கும் வேலை, சாயங்காலம் பள்ளிக்கூடக் கூடத்தில் அணிக்கு ஐந்து பேராக ஆடும் ஆட்டம் என்று சில வருஷம் ஓட்டினாள். அப்புறம் ஐஸ்லாந்தில் ஒரு கால்பந்துக் கழகம் சம்பளம் கொடுத்துக் கூப்பிட்டது. போனாள். அங்கேயும் நடுவர்களைத் திட்டினாள். பாஷை தெரியாத அந்த நடுவர்கள் அவள் கை ஆடிய ஆட்டத்தைப் பார்த்தே மஞ்சள் அட்டையை நீட்டினார்கள். "திட்டுனா புரியணும்டி. புரியாத ஊர்ல எதுக்குத் தொண்டையக் கிழிச்சுக்கறது?" என்று திரும்பி வந்துவிட்டாள். இந்த நாட்டில் அவள் மாதிரிப் பெண்களுக்கும் சம்பளம் கொடுக்கும் அணிகள் அதற்குள் வந்திருந்தன.

வாய்தான் அவளுக்கு எமன். எங்களிடம் வருவதற்கு முன்பு வேறொரு அணியில் இருந்தபோது கோப்பையின் அரையிறுதியை வென்றார்கள். அதுவரை பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தவள், கடைசி விசில் ஊதியதும் "இப்பச் சொல்லலாம்ல?" என்று நடுவரிடம் போய், மனதில் சேர்த்து வைத்திருந்ததையெல்லாம் சொல்லிவிட்டாள். விசிலுக்குப் பிறகும் அட்டை காட்ட நடுவருக்கு உரிமை உண்டு. காட்டினார். முன்பே வாங்கியவற்றோடு அதுவும் சேர்ந்து, இறுதி ஆட்டத்துக்குத் தடை விழுந்தது.

கோப்பையின் இறுதி ஆட்டம் எப்போதும் ஜமோர் மைதானத்தில்தான். அது எங்களுக்குப் பாதி விளையாட்டு, பாதி திருவிழா. காலையிலேயே குடும்பம் குடும்பமாக வந்து மரத்தடியில் அடுப்பு மூட்டிவிடுவார்கள். அன்று அவளுடைய அணி உள்ளே ஆடியது. அவள் வெளியே அணியின் உடுப்போடு குந்தி உட்கார்ந்து மத்தி சுட்டுக்கொண்டிருந்தாள். "புகை கண்ணுல பட்டுச்சு, வேற ஒண்ணுமில்ல" என்று இன்றைக்கும் சொல்வாள். நம்புகிறவர்கள் நம்பலாம்.

இந்த வருஷம் நாங்கள் அரையிறுதிக்கு வந்தோம். மறுபடி அதே கண்டம்: அவள் கணக்கில் இன்னும் ஒரே ஒரு மஞ்சள் அட்டை விழுந்தால், அணி ஜெயித்தாலும் அவளுக்கு ஜமோர் இல்லை. அவள் வயதில் இனியொரு வாய்ப்பு வருமா என்பதை யாரும் வாய்விட்டுக் கேட்கவில்லை. தியோதாட்டு அப்பா மட்டும் போன் பண்ணினார். "மகளே, பஸ் பேசியாச்சு. மாமன் மரத்தடி பிடிக்க முன்னாடியே போறேங்கறான். நீ உள்ள ஆடறதா இருந்தாச் சொல்லு, கரி வாங்கறேன். மறுபடி நீ மீன் சுடறதப் பாக்க எனக்குத் தெம்பில்ல."

பயிற்சியாளரை நாங்கள் 'மிஸ்டர்' என்றுதான் கூப்பிடுவோம். மிஸ்டர் ஒரு யோசனை செய்தார். நடுவரோடு பேசுவது தலைவியின் வேலை. எனவே அவள் கையில் கட்டியிருக்கும் தலைவிப் பட்டையைக் கழற்றி வேறு யாருக்காவது கட்டிவிடுவது. அணியிலேயே பேசாத பெண் பிரீசிடா. காலை வணக்கம் சொல்வதற்கே மூன்று முறை யோசிப்பாள். அவள் கையில் பட்டையைக் கட்டினார். "நான் என்ன மிஸ்டர் பேசறது?" என்று பயந்தாள் பிரீசிடா. "ஒண்ணும் பேசாத. அதுக்குத்தான் உன்னைப் போட்டிருக்கு" என்றார் அவர்.

நடுவராக வந்தவர் ஜெர்ட்ரூடஸ் அம்மாள். இடலினாவுக்கு அதிகமாக அட்டை கொடுத்த பெருமை அவருக்கே உண்டு. ஆட்டம் தொடங்கியதும் இடலினா சட்டைக் காலரை இழுத்துப் பல்லுக்கிடையில் வைத்துக்கொண்டாள். ஓடினாள், தடுத்தாள், விழுந்தாள், எழுந்தாள், காலர் மட்டும் வாயை விட்டு வரவில்லை. முதல் பாதியிலேயே நாங்கள் ஒரு கோல் போட்டுவிட்டோம். மைதானம் இவ்வளவு அமைதியாக இருந்து நான் பார்த்ததில்லை. பெஞ்சில் பக்கத்திலிருந்த மருத்துவர் "எனக்கே நாக்கு அரிக்குது" என்றார்.

ஆட்டம் முடிய ஐந்து நிமிஷம் இருக்கும்போது வந்தது வினை. எதிரணிக்காரி ஒருத்தி இடலினாவின் சட்டையைப் பிடித்து இழுத்துக் கீழே தள்ளினாள். விசில் ஊதியது, தப்பு இடலினா மேல் என்று. எங்கள் கோலுக்குப் பக்கத்திலேயே எதிரணிக்கு ஃப்ரீ கிக். இடலினா எழுந்து நின்றாள். கழுத்து நரம்பு புடைத்தது, கை மேலே போனது. "போச்சு" என்றார் மிஸ்டர். கை அப்படியே தலைக்குப் போய் முடியைக் கோதியது.

அப்போதுதான் ஒரு குரல் கேட்டது. "கண்ணை வீட்டுல வச்சுட்டு வந்தீங்களா? தள்ளினது அவ, விழுந்தது எங்காளு. விழுந்தவ மேலயே விசில் ஊதறீங்களே, இது எந்த ஊரு நியாயம்?" பிரீசிடா. வார்த்தை மட்டுமில்லை, ஒல்யா இழுப்பு, கையாட்டல் எல்லாம் அப்படியே இடலினா. இத்தனை வருஷம் பக்கத்தில் நின்று சும்மா கேட்டுக்கொண்டிருந்தவள் ஒன்றைக்கூட வீணாக்கவில்லை. ஜெர்ட்ரூடஸ் அம்மாள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு மஞ்சள் அட்டையை எடுத்தார். பிரீசிடாவுக்கு வாழ்க்கையில் முதல் அட்டை. அந்த ஒன்றால் அவளுக்கு இறுதி ஆட்டத்துக்குத் தடையும் இல்லை. இடலினா அவளை ஓர் அம்மாவின் பெருமையோடு பார்த்தாள். பந்து பறந்து வந்தது. காலரைக் கடித்தபடியே தலையால் முட்டி வெளியே அனுப்பினாள்.

கடைசி விசிலும் ஊதியது. நாங்கள் எல்லோரும் குதித்தோம். குதிக்கும்போதே என் கண் இடலினா மேல்தான் இருந்தது, ஏனென்றால் அவளுக்கு ஆபத்தே இந்த நேரம்தான். ஜெர்ட்ரூடஸ் அம்மாள் நேராக அவளிடம் வந்து கை கொடுத்தார். "என்னம்மா, இன்னைக்கு உடம்பு சரியில்லையா?" என்று கேட்டார், நிஜமான கவலையோடு. இடலினா கையைக் குலுக்கி, தலையை மட்டும் ஆட்டி, உடைமாற்றும் அறை வரை வாய் திறக்காமல் நடந்தாள். நான் பின்னாலேயே ஓடினேன்.

கதவைச் சாத்திய பிறகுதான் காலரை விட்டாள். அது நைந்து, ஒரு ஓட்டை விழுந்திருந்தது. அப்பாவுக்குப் போன் போட்டாள். மணி முழுதாக ஒருமுறை அடிப்பதற்குள் அவர் எடுத்துவிட்டார். "மகளே?" என்றார். இவளுக்குப் பேச்சு வரவில்லை. "மகளே, ஏன் பேச மாட்டேங்கற? விசிலுக்கப்புறம் வாயத் திறந்துட்டியா? அட்டை வாங்கிட்டியா?" என்று அவர் குரல் உடைந்தது. அவர் மகள் பேசாமல் இருந்தால் வேறென்ன நினைப்பார் பாவம். இடலினா போனை என் கையில் திணித்தாள்.

"அப்பா, நான் நொயேமியா. அட்டையெல்லாம் ஒண்ணுமில்ல, உங்க பொண்ணு உள்ள ஆடறா. நீங்க கரி வாங்குங்க" என்றேன்.

மறுமுனையில் அவர் ஊருக்கே கேட்கிற மாதிரி சிரிக்க ஆரம்பித்தார். இடலினா சுவரோரமாகத் தரையில் உட்கார்ந்து, அடுப்புப் புகை இல்லாத அந்த அறையில் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அந்த ஓட்டைக் காலரை மறுபடி எடுத்துப் பல்லுக்கிடையில் வைத்துக்கொண்டாள்.