சிக்னலுக்குத் தெரியாத வண்டி

நான்காம் வகுப்பில் எனக்கிருந்த மரியாதை முழுக்க ஒரே ஒரு பொய்யின் மேல் உட்கார்ந்திருந்தது. எங்கள் அப்பாவிடம் கூரையில்லாத கார் இருக்கிறது, அதற்கு நான்கு டிரைவர்கள், பெட்ரோலே போட வேண்டாம், கொல்கத்தாவின் எந்த டிராஃபிக்கிலும் அது நிற்காது என்று வகுப்பில் சொல்லிவைத்திருந்தேன். தினமும் வெள்ளை அம்பாசிடரில் வந்து இறங்கும் ஒருத்திகூட அதைக் கேட்டு ஒரு வாரம் தன் டிபனில் பாதியை எனக்குக் கொடுத்தாள். யோசித்துப் பார்த்தால் நான் சொன்னதில் 'கார்' என்ற ஒரு சொல்லைத் தவிர மற்றதெல்லாம் உண்மை.

அப்பா ரயில்வேயில் தண்டவாளத்தைச் சோதிக்கும் இன்ஸ்பெக்டர். அவருடைய வாகனம் டிராலி. நான்கு சின்ன இரும்புச் சக்கரங்கள், மேலே ஒரு பலகை, பலகைமேல் பிரம்பு பின்னிய பெஞ்சு, ஓரத்தில் மூங்கில் கம்பில் சிவப்புக் கொடி, அப்பாவின் தலைக்கு மேல் ஒரு பெரிய கறுப்புக் குடை. அவ்வளவுதான். இன்ஜின் கிடையாது. நான்கு டிராலிமேன்கள்தான் இன்ஜின். இரண்டு பேர் வெறுங்காலோடு ஆளுக்கொரு தண்டவாளத்தின் மேல் ஓடிக்கொண்டே தள்ளுவார்கள். வேகம் பிடித்ததும் தாவி ஏறிப் பின்னால் உட்கார்ந்துகொள்வார்கள். வேகம் தளர்ந்தால் மறுபடி இறங்கி ஓட்டம். ரயில் வருகிறதென்றால் நாலு பேரும் நாலு மூலையைப் பிடித்து, 'ஹெய்யோ' என்று தூக்கி, ஓரத்து ஜல்லியில் வைத்துவிடுவார்கள். ரயில் போனதும் திரும்ப ஒரு 'ஹெய்யோ.'

எங்கள் குவார்ட்டர்ஸ் டாக்குரியாவுக்கும் ஜாதவ்பூருக்கும் நடுவில், தண்டவாளத்தை ஒட்டியே இருந்தது. பின்கட்டில் நின்றால் ரயிலில் போகிறவர் என்ன சாப்பிடுகிறார் என்றுகூடச் சொல்லிவிடலாம். முன்பக்கத்தில் நாள் முழுக்க வெயில் கொளுத்தும். அம்மாவோ துணிக் கொடியைக் கட்டியிருந்தது பின்கட்டில், நிழலில். அங்கே எதுவும் உருப்படியாகக் காயாது. நான் வாரத்தில் நான்கு நாள் ஈரச் சாக்ஸோடுதான் பள்ளிக்கூடம் போனேன். என் காலின் வாசனையால் பெஞ்சில் எனக்கு எப்போதும் தாராளமாக இடம் கிடைத்தது. முன்பக்கம் கட்டினால் என்ன என்று கேட்டால், "பெரிய இன்ஜினீயரு சொல்ல வந்துட்டா. போடி அங்கிட்டு" என்பாள் அம்மா.

அந்த வருஷம் விஸ்வகர்மா பூஜை வந்தது. அன்றைக்குக் கொல்கத்தாவில் வானமெல்லாம் பட்டம், கீழே சக்கரம் வைத்த எல்லாவற்றுக்கும் மாலை. அப்பாவின் டிராலியையும் தண்டவாளத்திலிருந்து இறக்கி, கழுவி, சந்தனம் வைத்து, சாமந்தி மாலை போட்டு மேடைபோல நிறுத்தியிருந்தார்கள். டிராலிமேன்களில் மூத்தவரை நான் 'ஜேட்டு' என்று கூப்பிடுவேன், வங்காளத்தில் பெரியப்பா. அவர் எனக்கு இலையில் கிச்சுடியைப் போட்டுவிட்டு, கழற்றி வைத்திருந்த ஒரு சக்கர ஜோடிக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தார். அதன் நடுவில் ஒரு கறுப்பு வளையம் தெரிந்தது. என்ன அது என்று கேட்டேன். வாயை மூடிக்கொண்டு கிச்சுடி தின்றிருக்கலாம்.

அவர் வங்காளத்தில்தான் சொன்னார்; என்னைக் 'கூக்கி', அதாவது பாப்பா, என்றுதான் கூப்பிடுவார். எனக்கு அந்த நாளில் அது தமிழைவிட நன்றாகப் புரியும்.

"ரயில் எங்க நிக்குதுன்னு சிக்னலுக்கு எப்படித் தெரியுது, கூக்கி? தண்டவாளத்துல லேசா கரன்ட் ஓடுது. ரயிலோட சக்கரம் ரெண்டு தண்டவாளத்தையும் சேர்த்துப் பிடிச்சதும் சிக்னல் சிவப்பாயிடும். நம்ம டிராலிக்கு அப்படி ஆகக் கூடாதுன்னுதான் இந்த வளையம். இது கரன்டை விடாது. இல்லேன்னா நாம போற இடமெல்லாம் ரயில் நின்னுக்கிட்டே இருக்குமே."

"அப்போ சிக்னலுக்கு நாம?"

"நாம அதுக்கு இல்லாத ஆளுங்க!" என்று சொல்லி விழுந்து விழுந்து சிரித்தார்.

வாயில் வைத்த கிச்சுடி உள்ளே இறங்க மறுத்தது. (அது மூன்றாவது இலை என்பது வேறு விஷயம்.) எத்தனை தடவை அந்தக் குடை எங்கள் பின்கட்டுக்கு எதிரே ஆடி ஆடிப் போவதைப் பார்த்திருக்கிறேன்! சிக்னல் அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறது, யாரோ எங்கிருந்தோ கவனித்துக்கொள்கிறார்கள் என்றல்லவா நினைத்திருந்தேன்!

"ரயில் வந்தா என்ன செய்வீங்க?"

"உங்க பாபாவுக்குக் கண்ணு இருக்கு, எங்களுக்குக் காலு இருக்கு. போதாதா?"

போதாது. அப்பாவின் கண்ணைப் பற்றி ஜேட்டுவுக்கு என்ன தெரியும்? சாம்பாரில் ஈ விழுந்தால்கூட அம்மா சொல்லித்தான் அவருக்குத் தெரியும். மூக்குக் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு வீடு முழுக்கத் தேடுகிறவர். அந்தக் கண்ணை நம்பி ஒரு பெஞ்சு, ஒரு குடை, ஐந்து உயிர். பூஜை முடிவதற்குள் என் மனதில் அப்பாவைப் பதினைந்து முறை ரயில் அடித்துவிட்டது.

அன்று சாயங்காலத்துக்குள் ஒரு திட்டம் தயார். இன்று எழுதும்போதுகூட அதில் ஓட்டை எதுவும் தெரியவில்லை, திட்டம் போட்ட ஆள் நான் என்பதைத் தவிர. சிக்னலுக்கு அப்பாவைத் தெரியவில்லை. ரயிலின் சக்கரம் செய்கிற வேலையை ஒரு கம்பியும் செய்யும். அப்பா வருகிற நேரத்துக்கு இரண்டு தண்டவாளத்தையும் கம்பியால் சேர்த்துவிட்டால் சிக்னல் சிவப்பாகும், ரயில்கள் நிற்கும், அப்பா பத்திரமாகக் கடந்து போவார். பிறகு அவிழ்த்துவிடலாம். நாளைக்கும் கட்டலாம். அவர் ரிட்டயர் ஆகிற வரைக்கும் தினமும் கட்டலாம்.

மறுநாள் காலையில் வயிற்றுவலி என்றேன். மூன்று இலைக் கிச்சுடிக்குச் சாட்சிகள் இருந்ததால் அம்மா நம்பிவிட்டாள். "பேசாம படுத்துக் கெட. சுக்குத் தண்ணி வச்சுத் தாரேன்" என்று சொல்லிவிட்டுத் துணி துவைக்கப் போனாள். கல்லில் துணி விழும் சத்தம் கேட்டதும் நான் எழுந்து பின்கட்டுக்குப் போய், அம்மாவின் கொடிக்கம்பியை அவிழ்த்துச் சுருட்டி எடுத்துக்கொண்டு, தாண்டவே கூடாது என்று சொல்லப்பட்ட சுவரின் உடைசல் வழியாகத் தாண்டினேன்.

கட்டிவிட்டு வந்து சுவருக்குப் பின்னால் குந்திக்கொண்டேன். சற்று நேரத்தில் ஜாதவ்பூர் பக்கமிருந்து வந்த லோக்கல் ரயில் ஒன்று வேகம் குறைந்து, முனகி, எங்கள் வீட்டுக்குச் சற்று முன்னால் இருந்த சிக்னலில் நின்றது. அடேயப்பா! எனக்கு ஏற்பட்ட பெருமையைச் சொல்ல முடியாது. ஒன்பது வயதில் ஒரு முழு ரயிலை நிறுத்தியவள் நான். அம்பாசிடர்க்காரியிடம் சொன்னால் மீதி டிபனையும் கொடுத்துவிடுவாள்.

ஐந்து நிமிடம் பெருமையாக இருந்தது. பத்தாவது நிமிடத்தில் ஜன்னல்களிலிருந்து தலைகள் நீண்டன. பதினைந்தாவது நிமிடத்தில் ஆட்கள் தொப்தொப்பென்று தண்டவாளத்தில் குதித்தார்கள். ஆபீஸ் பைகள், மீன்கூடைகள், கைக்குழந்தைகள். காரப்பொரி விற்கும் ஒரு ஜால்முரிக்காரர் மட்டும் கழுத்தில் டப்பாவோடு மகிழ்ச்சியாக இறங்கி வியாபாரத்தைத் தொடங்கினார். மற்றவர்கள் கத்தினார்கள். ஒரு ரயிலுக்குள் இவ்வளவு பேர் இருப்பார்கள் என்பதை என் திட்டத்தில் சேர்த்திருக்கவில்லை.

அப்போதுதான் டாக்குரியா பக்கமிருந்து குடை வந்தது.

பூஜை மாலை வாடாமல் முன்னால் தொங்க, சிவப்புக் கொடி படபடக்க, கல்யாண மாப்பிள்ளைபோல அப்பா பெஞ்சில் உட்கார்ந்து வந்தார். எதிரே ரயில் நிற்பதைப் பார்த்து டிராலி நின்றது. 'ஹெய்யோ' போட்டு இறக்கினார்கள். கூட்டம் திரும்பிப் பார்த்தது. சிவப்புக் கொடியைப் பார்த்தது. மாலையைப் பார்த்தது. யாரால் ரயில் நிற்கிறது என்று கூட்டத்துக்கு அந்த நொடியில் தெரிந்துவிட்டது.

"என்ன மொஷாய், நீங்க ஊர்வலம் போறதுக்கு நாங்க நடுவழியில நிக்கணுமா?" என்று, 'ஐயா' மரியாதை மட்டும் குறையாமல், ஒரு வழுக்கைத் தலை கேட்டது.

"அண்ணே, நாங்க இப்பத்தான் வர்றோம். உங்க வண்டி எப்ப நின்னுச்சுன்னு நீங்களே சொல்லுங்க" என்றார் ஜேட்டு.

யார் கேட்டார்கள்? கூட்டம் அப்பாவைச் சுற்றிக்கொண்டது. யாரோ மாலையைப் பிய்த்தார்கள். யாரோ குடையைப் பிடித்து இழுத்தார்கள். அது மடக்கென்று கம்பி உடைந்து தொங்கியது. அப்பாவின் கண்ணாடி ஜல்லியில் விழுந்தது. நான்கு டிராலிமேன்களும் அப்பாவை நடுவில் விட்டுக் கைகோத்து நின்றார்கள். ரயில் அவரை இடிக்காமல் பார்த்துக்கொண்டேன், சரி. ரயிலுக்குள் இருப்பவர்கள் இடிப்பார்கள் என்று எந்தச் சக்கரமும் எனக்குச் சொல்லவில்லையே!

பின்னால் தடாரென்று ஒரு சத்தம். துவைத்த துணியோடு வாளியைப் போட்டுவிட்டு அம்மா நின்றுகொண்டிருந்தாள். என் தோளை இறுக்கிப் பிடித்தாள். செத்தோம், கொடி எங்கே என்று கேட்கப் போகிறாள் என்று கண்ணை மூடிக்கொண்டேன். கேட்கவில்லை. கண்ணைத் திறந்து பார்த்தால் அவள் என்னைப் பார்க்கவே இல்லை. அவள் பார்வை கூட்டத்துக்கு நடுவில் அப்பாவைத் தேடிக்கொண்டிருந்தது.

அப்பா குனிந்து, தடவி, கண்ணாடியை எடுத்துத் துடைத்து மாட்டினார். தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டே நடக்கத் தொடங்கினார். கூட்டமும் திட்டிக்கொண்டே கூட வந்தது. எங்கள் சுவருக்கு நேரே வந்ததும் நின்றார். குனிந்தார். சாம்பாரில் ஈயைக் காணாத கண்ணுக்கு ஜல்லிக்கு நடுவில் கிடந்த கம்பி தெரிந்துவிட்டது. கம்பியில் ஒரு நீலக் கிளிப்பும், அந்தக் கிளிப்பில் முந்தின நாள் காயாமல் போன ஒரு வெள்ளைச் சாக்ஸும் இருந்தன. அவசரத்தில் நான் அதைக் கவனிக்கவில்லை. திருடப் போகிறவர் தன் வீட்டு விலாசத்தை வைத்துவிட்டு வருவதுபோல நான் என் சாக்ஸை வைத்துவிட்டு வந்திருந்தேன்.

அந்தக் கம்பியைத் தூக்கிக் காட்டி, இதோ பாருங்கள், இதுதான் காரணம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் கூட்டம் அவரை விட்டிருக்கும். அப்பா சுவர்ப் பக்கம் ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தார். பிறகு கம்பியை அவிழ்த்து, சுருட்டி, சாக்ஸோடு தன் தோள்பைக்குள் போட்டுக்கொண்டார். "கோளாறு சரியாயிடுச்சு, எல்லாரும் ஏறுங்க" என்று மட்டும் சொன்னார். சிக்னல் மாறியது. ரயில் கிளம்பும்போது ஜன்னல்களிலிருந்து அவருக்கு வந்த வசைகளில் பாதி எனக்கு அப்போது அர்த்தம் தெரியாது. இன்று தெரியும். எல்லாம் என்னுடையவை.

மத்தியானம் சாப்பிட வந்தவர் சாக்ஸை என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார். முழங்கையில் சிராய்ப்பு.

"எதுக்குட்டி?" என்றார்.

"சிக்னலுக்கு உங்களத் தெரியாதாம்ப்பா. நீங்க அதுக்கு இல்லாத ஆளாம். ஜேட்டு சொன்னாரு." அதற்குள் அழுகை வந்துவிட்டது.

அவர் எழுந்து வந்து அறைவார் என்று கன்னத்தைத் தயாராக வைத்திருந்தேன். அம்மாவை ஒரு பார்வை பார்த்தார். அம்மா ரசத்தைக் கலக்கிக்கொண்டிருந்தாள், கலக்க வேண்டியதற்கு மேலேயே.

"இன்னொரு வாட்டி அந்தச் சொவரத் தாண்டுன, கால ஒடிச்சிருவேன்" என்றார் கடைசியில். பிறகு மோர் கேட்டார்.

கம்பி கிடந்தது, அகற்றினேன் என்று அவர் மேலதிகாரிகளுக்கு எழுதிக் கொடுத்ததாகப் பின்னாளில் தெரிந்தது. பொய் இல்லை. சாக்ஸைப் பற்றி எழுதவில்லை, அவ்வளவுதான். சாயங்காலமே கொடியைப் பழைய இடத்தில் தானே கட்டிக்கொடுத்தார்.

அதற்குப் பிறகு ஒரு புது வழக்கம் தொடங்கியது. டிராலி எங்கள் பின்கட்டைத் தாண்டும்போது அப்பா ஒட்டுப்போட்ட குடையை இரண்டு தடவை உயர்த்திக் காட்டுவார். லீவு நாளில் நான் அங்கே நின்றால் வெலவெலத்துப் போவேன். 'உன்னைக் கவனிச்சுக்கிட்டுத்தான் இருக்கேன்' என்று எனக்கு விடும் எச்சரிக்கை என்றே நினைத்தேன். என் பின்னால் அம்மா ஈரத் துணியை உதறிக்கொண்டு நிற்பாள். குடை இரண்டாம் தடவை இறங்கிய பிறகுதான் முதல் துணி கொடிக்கு ஏறும். தினமும் பதினோரு மணிக்குத்தான் அவளுக்குத் துணி காயப்போட நேரம் கிடைக்கிறது, பாவம், என்று நினைத்துக்கொள்வேன்.

இரண்டு வருஷம் கழித்து அப்பாவுக்கு ஆபீசுக்குள் உட்காரும் வேலை வந்தது. டிராலி இன்னொருவருக்குப் போனது. அந்த வாரமே அம்மா கொடியை முன்பக்கத்து வெயிலில் மாற்றிக் கட்டினாள். ஒரே நாளில் சாக்ஸ் அப்பளம்போல மொறமொறவென்று காய்ந்தது.

"இப்பவாவது ஒனக்குப் புத்தி வந்துச்சே" என்றேன்.

"இப்பத்தான் இந்தப் பக்கம் வெயிலு வருது" என்றாள் அம்மா.

ஆறாம் வகுப்பில் பூகோளத்தில் முதல் மார்க் வாங்கிய நான் அதையும் நம்பினேன்.