சுண்ணாம்புக் குழிக்கு ஒரு மனு

மூன்று வருஷம் ஒரு பதிலுக்காக அலைந்தேன். முடியாது என்றாவது சொல்லித் தொலைக்கலாமே என்று வயிறெரிந்த நாட்கள் அவை.

அப்போது வெள்ளைக்காரன் ராஜ்யம். நான் ஆம்பூரில் ஒரு முதலாளியின் தோல் பதனிடும் ஷாப்பில் கூலிக்காரன். காலை முதல் மாலை வரை குழியில் நின்று தோல் மிதிப்பேன். மாதனூர்ப் பக்கம் பாலாற்றங்கரையில் எனக்குக் கையகல நிலம் இருந்தது. அதில் ஒற்றைக் கருவேல மரம். அங்கே தோல் ஊறப்போடச் சொந்தமாக நாலு சுண்ணாம்புக் குழி வெட்டிவிட்டால், பிறத்தியார் குழியிலிருந்து கரையேறிவிடலாம். வெட்டுவதற்குத் தாலுகா போர்டு அனுமதி வேண்டும். மனு கொடுத்தேன்.

போர்டு ஆபீஸ் குமாஸ்தாவுக்கு என் முகத்தைக் கண்டாலே பேஜார். "இன்னா பாய், மறுபடியுமா? உத்தரவு வந்தா வூடு தேடி வரும், போ" என்பார். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கவேண்டுமே!

பொறுத்துப் பார்த்துவிட்டு வேலூரில் ஒரு வக்கீலைப் பிடித்தேன்.

"மெட்ராசுக்குள்ளன்னா ஹைகோர்ட்டே ஆபீசரைக் கூப்ட்டு வேலையைச் செய்யச் சொல்லும். நம்ம பக்கம் அது செல்லாது. ரெண்டு மாசம் நோட்டீஸ் கொடுத்துட்டு முன்சீப் கோர்ட்டுக்குத்தான் போவணும்" என்றார்.

"கோர்ட்டு அனுமதி வாங்கிக் கொடுக்குமா?"

"அது முடியாது. மனுவைப் பார்த்து ஒரு முடிவு சொல்லுன்னு கேக்கலாம், அவ்ளோதான்."

எனக்கு அதுவே போதும் என்றேன். நோட்டீசுக்கும் பதில் வரவில்லை. வழக்குப் போட்டோம்.

விசாரணையன்று போர்டு வக்கீல் எழுந்து ஒரு சேதி சொன்னார். மனு கொடுத்த ஆறாம் மாதமே அனுமதி ஆகிவிட்டதாம். ஒரு வருஷத்துக்குள் குழி வெட்டாததால் அது காலாவதியும் ஆகிவிட்டதாம்! அத்தனை தடவை அந்த ஜன்னலில் நின்றேனே, காகிதக் கட்டைப் பிரித்துப் பார்த்து ஒரு வார்த்தை சொல்ல அங்கே ஆளில்லையா?

"உத்தரவை இவர் கையில கொடுத்தியா?" என்று போர்டு சேவகனைக் கேட்டார் முன்சீப்.

"ரெண்டு வாட்டி வூட்டுக்குப் போனேன் எஜமான், பூட்டிக் கெடந்துச்சு. அதான் வழக்கப்படி அவரு நெலத்துலயே ஒட்டிட்டேன். அந்தக் கருவேல மரத்துல."

பொய் என்று கத்த வாயைத் திறந்தேன். அப்போதுதான் அந்த மரத்தை வெட்டிய நாள் ஞாபகம் வந்தது.

அனுமதி ஆனதாகச் சொன்ன அந்த வருஷம் தோலைப் பதனிடப் போடும் மரப்பட்டைக்குத் தட்டுப்பாடு. முதலாளியிடம் நல்ல பேர் வாங்க ஆசைப்பட்டு, அந்த மரத்தை வெட்டிப் பட்டை உரித்தவன் நானேதான். அடிமரத்தில் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. மழையில் மை கரைந்து ஓர் எழுத்தும் தெரியவில்லை. ஏதோ சந்தை நோட்டீஸ் என்று நினைத்து, கத்தியால் சுரண்டிப் போட்டுவிட்டு உரிக்க ஆரம்பித்தேன்.

வழக்கு தள்ளுபடியானது. வேண்டுமானால் புதிதாக மனு கொடுக்கலாம் என்றார் முன்சீப்.

வெளியே வந்ததும் வக்கீல், "அப்பீல் போட்டுப் பாக்கலாமா?" என்றார்.

யார் மேல் போடுவது? மறுநாள் காலையில் முதலாளியின் குழியில் இறங்கினேன்.