செத்தவன் சிரிக்க வேண்டும்

என் முதல் படத்தில் தயாரிப்பாளர், இயக்குநர், கதாநாயகன் மூன்றும் நானே. என்னை நம்பி வேறு யாரும் வரவில்லை என்பார்கள். எனக்கு வேறு யார் மேலும் நம்பிக்கை இல்லை என்பதுதான் உண்மை. இன்றைக்கும் அந்தத் திமிர் எனக்குப் பிடிக்கும்.

கடைசிக் காட்சி மாரியூர் கடற்கரையில். நாயகன் பிணமாகக் கிடக்க, ஊர் கூடி அழ வேண்டும். உத்தரகோசமங்கைப் பக்கமிருந்து எங்கள் ஊர்ப் பெண்களை டிராக்டரில் ஏற்றி வந்தேன். அம்மாவும் வந்தாள். மாலை போட்டு என்னைக் கிடத்தியதும் அவள் முகம் மாறிவிட்டது.

“உசுரோட இருக்க பிள்ளைக்குப் பொண மாலையா? ஆகாதுலே.”

சினிமாவில் அதற்குப் பரிகாரம் உண்டு என்றேன். பிணமாக நடித்தவர் கடைசியில் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடித்துவிட்டால் தோஷம் கழிந்துவிடும்.

“அப்பச் சரி. மறக்காமச் சிரிச்சிரணும்” என்றாள்.

மிச்சமிருந்தது ஒரே ஒரு ஃபிலிம் சுருள். நான் ‘கட்’ சொல்லாமல் கேமராவை நிறுத்தக் கூடாது என்பது என் உத்தரவு. அம்மா தலைமாட்டில் உட்கார்ந்து ஒப்பாரியைத் தொடங்கினாள். சின்ன வயதில் நான் கண்மாயில் முங்கிச் சாகப் பார்த்ததையெல்லாம் சொல்லி அழுதாள். துளி நடிப்பில்லை. கண்ணை மூடிக் கிடந்த எனக்கு எழுந்து குதிக்க வேண்டும் போலிருந்தது. இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று ‘கட்’ சொல்லாமலே கிடந்தேன். சுருள் தீர்ந்துவிட்டது.

சிரிப்புக்கு ஒரு அடி ஃபிலிம்கூட இல்லை. ஒளிப்பதிவாளருக்குக் கண்ணைக் காட்டினேன். அவர் வெறும் கேமராவை ஓடவிட்டார். நான் எழுந்து பல்லெல்லாம் தெரியச் சிரித்தேன். அம்மா கடலைப் பார்த்துக் கும்பிட்டாள். அவளை ஏமாற்றுகிறோமே என்று உறுத்தியது. ஆனால் காட்சி அமைந்துவிட்ட சந்தோஷம் அதைவிடப் பெரிதாக இருந்தது.

இராமநாதபுரம் தியேட்டரில் படம் வந்தபோது அம்மாவைக் கூட்டிப்போனேன். அந்த ஒப்பாரிக்குத் தியேட்டரே அழுதது. அழும் என்று எனக்குத் தெரியும். படம் முடிந்து விளக்கு எரிந்தது, எல்லோரும் கிளம்பினார்கள். அம்மா மட்டும் வெள்ளைத் திரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.

“வாம்மா, முடிஞ்சிருச்சு.”

“இருலே. நீ இன்னும் சிரிக்கலையே.”

நான் எழுதாத வசனம் அது. நடந்துபோய்த் திரைக்கு முன்னால் ஏறி நின்று, அவளைப் பார்த்துச் சிரித்தேன். சிரிக்கும்போதே அழுகை வந்துவிட்டது. வாழ்க்கையில் ஒழுங்காக நடிக்க முடியாமல் போனது அந்த ஒரு தடவைதான்.

அம்மா சேலையை உதறிக்கொண்டு எழுந்தாள்.

“இப்பத்தான் சரி. பஸ்ஸு போயிரும், வா.”